இசைக் கேள்வி பதில்: பில் எவன்ஸின் இடது கை

கேள்வி: ஜாஸ் பியானோ கலைஞர் பில் எவன்ஸின் ‘போர்ட்ரெய்ட் இன் ஜாஸ்’ ஆல்பத்தில் இருப்பவை பெரும்பாலும் பழைய பாட்டுகள்தானே? அதற்கு ஏன் இவ்வளவு மதிப்பு?

பதில்: ஒன்பதில் ஏழு, அன்றைக்கு எல்லோரும் முணுமுணுத்த மெட்டுகள்தான். கோல் போர்ட்டரின் 1929 பாட்டும் உண்டு, 1937இல் வந்த ‘ஸ்னோ ஒயிட்’ படப் பாட்டும் உண்டு. மதிப்பு, பியானோ, பாஸ், டிரம்ஸ் என மூவரும் சேர்ந்து வாசித்த விதத்துக்கு. அதுவரை பாஸ் (ஆழ்ந்த ஒலி தரும் பெரிய தந்தி வாத்தியம்) வாசிப்பவர் பெரும்பாலும் பாருக்கு, அதாவது தாளத்தின் ஒரு சுற்றுக்கு, நாலு அடி நடந்து தாளத்தைத் தாங்குவார். ஸ்காட் லஃபாரோ அந்த நடையை விட்டுவிட்டுப் பியானோவுக்குப் பதில் சொன்னார். டிரம்ஸ் பால் மோஷன். பதிவானது 1959 டிசம்பர் 28, நியூயார்க்கில். 1961 ஜூலையில் லஃபாரோ கார் விபத்தில் இறந்தபோது வயது 25. இந்த மூவர் ஸ்டுடியோவில் செய்த ஆல்பங்கள் இரண்டே இரண்டு. பெரிய இழப்பு.

கேள்வி: மொபைலில் கேட்டேன். பாஸ் பேசுவதாகச் சொல்கிறார்கள், எனக்குப் பியானோதான் கேட்கிறது.

பதில்: உங்கள் காதில் குறை இல்லை. டபுள் பாஸின் அடித் தந்தி 41 ஹெர்ட்ஸ், மேல் தந்தியே 98தான். மொபைலின் சின்ன ஸ்பீக்கரில் அந்த ஆழம் வராது. ஹெட்ஃபோன் போட்டு அந்த ஆல்பத்தில் உள்ள ‘ஆட்டம் லீவ்ஸ்’ கேளுங்கள். மெட்டு 32 பார். அது முடிந்ததும் பியானோ தனியாகக் கிளம்பாது. பாஸ் ஒன்று சொல்லும், பியானோ பதில் சொல்லும், டிரம்ஸ் இடையில் புகும். இந்த இடத்தில்தான் கேட்பவருக்குக் கணக்கு தப்பும். காலால் தாளம் போட்டு எட்டு எட்டு பாராக எண்ணுங்கள். பிறகு பாஸ் நாலு அடி நடைக்கு வரும்போது உடம்பே அதை உணரும். சி.டி.யில் இதே பாட்டு ஸ்டீரியோவில் ஒன்று, மோனோவில் ஒன்று என இரண்டு உண்டு. இரண்டையும் கேட்டால் அந்தப் பேச்சு அங்கேயே பிறந்தது என்பது புரியும்.

கேள்வி: கீபோர்டில் இடது கையால் ரூட்டோடு (கார்டின் அடிச் சுரத்தோடு) கார்டு, அதாவது பல சுரங்களைச் சேர்த்து, பிடித்தால் கலங்கலாக இருக்கிறது. எவன்ஸ் எப்படிப் பிடிக்கிறார்?

பதில்: ரூட்டை பாஸுக்கு விட்டுவிடுகிறார். ‘ஆட்டம் லீவ்ஸ்’ தொடக்கத்தை ஜி மைனரில் எடுத்துக்கொள்வோம். சி மைனர் 7க்கு, மிடில் சிக்குக் கீழே உள்ள ஈ ஃப்ளாட்டில் தொடங்கி ஈ ஃப்ளாட், ஜி, பி ஃப்ளாட், டி. அடுத்து எஃப் 7: பி ஃப்ளாட்டை மட்டும் ஏ ஆக்குங்கள், மற்ற மூன்று விரலும் அசைய வேண்டாம். பி ஃப்ளாட் மேஜர் 7க்கு ஏ அப்படியே இருக்கட்டும். மற்றவை ஒரு படி இறங்கி டி, எஃப், ஏ, சி ஆகும். கை தாவவே இல்லை, அதுதான் அந்த வழவழப்புக்குக் காரணம்.

கெடுவது இரண்டு இடத்தில். இதையே ஒரு ஆக்டேவ் கீழே பிடித்தால் சுரங்கள் ஒன்றோடொன்று மோதி மறுபடி கலங்கும். கார்டு மாறும்போது பெடலை விடாமல் மிதித்திருந்தால் பி ஃப்ளாட்டும் ஏயும் சேர்ந்து ஒலிக்கும், மாற்றமே காதில் விழாது. மெட்ரோநோமை 60இல் வைத்து, கார்டுக்கு நாலு அடி கொடுத்துப் பழகுங்கள். தனியாக வாசித்தால் ஏதோ பாதியில் நிற்பதுபோல் இருக்கும். கூட பாஸ் வாசிக்க ஆள் இல்லையென்றால் சி, எஃப், பி ஃப்ளாட் ரூட்டுகளை முதலில் கீபோர்டிலேயே பதிவு செய்து, அதன் மேல் வாசியுங்கள்.