துறைமுக நுழைவு அட்டைக்கு விண்ணப்பிக்கும் முன் கிருஷ்ணகிரியிலேயே முடிக்க வேண்டிய வேலைகள்

கேள்வி: காவேரிப்பட்டினத்தைச் சேர்ந்த எனக்கு வயது 34. ஒன்பது ஆண்டுகளாக டிப்பரும் லாரியும் ஓட்டி வருகிறேன். இப்போது பர்கூர் பக்கம் ஒரு டிரான்ஸ்போர்ட்டில் டிரெய்லர் ஓட்டும் வேலை கிடைத்திருக்கிறது. கிரானைட் கண்டெய்னர்களைச் சென்னைத் துறைமுகத்துக்குக் கொண்டு செல்ல வேண்டும். ‘ஹார்பர் பாஸ்’ எடுத்தால்தான் வண்டி தருவேன் என்கிறார் உரிமையாளர். என் லைசென்ஸில் தந்தையின் இனிஷியல் இருக்கிறது, ஆதாரில் இல்லை. லைசென்ஸ் இன்னும் நான்கு மாதத்தில் முடிகிறது. 2019-இல் தர்மபுரி அருகே நடந்த ஒரு விபத்து வழக்கில் நீதிமன்றத்தில் அபராதம் கட்டியிருக்கிறேன். பணம் கொடுத்தால் இரண்டே நாளில் பாஸ் வாங்கித் தருவதாக ஒரு தரகர் சொல்கிறார். நான் என்ன செய்வது?

பதில்: நீங்கள் தாராளமாக விண்ணப்பிக்கலாம், ஆனால் அந்தத் தரகர் வழியாக அல்ல. நீங்கள் எழுதியிருக்கும் மூன்று சிக்கல்களுமே கிருஷ்ணகிரியிலும் தர்மபுரியிலும் தீர்க்கக் கூடியவை. அவற்றை இங்கே தீர்க்காமல் 250 கிலோமீட்டர் தள்ளி, துறைமுக வாசலில் வண்டியை நிறுத்திக்கொண்டு தீர்க்க முயல்வதால்தான் பல ஓட்டுநர்கள் அலைக்கழிகிறார்கள். ஏற்றுமதி முகவர் அலுவலகத்தில் இத்தகைய விண்ணப்பங்களைப் பல ஆண்டுகள் சரிபார்த்தவன் என்ற முறையில், எந்த வேலையை முதலில் செய்ய வேண்டும் என்பதையும் சேர்த்தே சொல்கிறேன்.

இந்த அட்டையை ஏன் இவ்வளவு கறாராகப் பார்த்துக் கொடுக்கிறார்கள் என்பதை முதலில் தெரிந்துகொள்ளுங்கள். கப்பல்கள், துறைமுகங்கள் ஆகியவற்றின் பாதுகாப்புக்கான பன்னாட்டு விதித்தொகுப்பு 2004 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. அதன்படி துறைமுக வேலிக்குள் யார் நுழைந்தார், எதற்காக நுழைந்தார், எப்போது வெளியேறினார் என்பதற்குத் துறைமுகம் கணக்கு வைத்திருக்க வேண்டும். சென்னைத் துறைமுகத்தின் வாயில்களில் மத்தியத் தொழிற்பாதுகாப்புப் படையினர் காவல் புரிகிறார்கள், அனுமதி ஆர்.எஃப்.ஐ.டி. முறையில், அதாவது அட்டையில் உள்ள சில்லை ரேடியோ அலை மூலம் படித்து, சரிபார்க்கப்படுகிறது. எனவே அங்கு வேலையுள்ள ஒரு நிறுவனம் உங்களைத் தன் ஓட்டுநர் என்று பொறுப்பேற்று விண்ணப்பிப்பதுதான் வழக்கமான முறை. உங்கள் உரிமையாளரோ அவருடைய சரக்கைக் கையாளும் முகவரோ கடிதம் தர வேண்டும். ‘பாஸோடு வா’ என்று உங்களை மட்டும் அனுப்பிவிட்டு அவர் ஒதுங்கிக்கொள்ள முடியாது. இதைத் தயங்காமல் அவரிடம் சொல்லுங்கள். ஒரு துறைமுகத்தின் அட்டை இன்னொன்றில் செல்லாது என்பதையும் நினைவில் வையுங்கள். உங்கள் சரக்கு எண்ணூர் காமராஜர் துறைமுகத்துக்கோ காட்டுப்பள்ளிக்கோ போகும் நாளில் அங்கு தனி அனுமதி தேவைப்படும்.

ஆளுக்கு ஒரு அனுமதி, வண்டிக்கு ஒரு அனுமதி என்பது புதிதாக வரும் பலருக்குத் தெரிவதில்லை. சில ஆண்டுகளுக்கு முன் போச்சம்பள்ளிப் பக்கத்திலிருந்து மாங்கூழ் டிரம்கள் ஏற்றிய ஒரு கண்டெய்னர் சென்னைத் துறைமுகத்தின் ஜீரோ கேட் வாயில் வரை போய் நின்றுவிட்டது. ஓட்டுநரின் அட்டையில் எந்தக் குறையும் இல்லை. முந்தைய இரவு வண்டியின் கிளட்ச் போனதால், உரிமையாளர் வேறொரு குதிரையை, அதாவது டிரெய்லரை இழுக்கும் முன்வண்டியை, மாற்றி அனுப்பியிருந்தார். அந்த வண்டி எண்ணுக்கு அனுமதி இல்லை. காவலர் ஒரு கையில் அட்டையையும் மறு கையில் ஆர்.சி. புத்தகத்தையும் பிடித்தபடி, ஓரமாக நிறுத்தச் சொன்னார். காசிமேட்டுப் பக்கச் சாலையில் பின்னால் நின்ற வண்டிகள் ஒவ்வொன்றாக உள்ளே போய்க்கொண்டிருக்க, எங்களுக்குக் கப்பலின் கட்-ஆஃப் நேரம், அதாவது அந்தக் கப்பலுக்கான கண்டெய்னரை உள்ளே ஏற்கும் கடைசி நேரம், கடந்துபோனது. அந்த ஓட்டுநர் அன்று முழுவதும் சாப்பிடவில்லை என்பதைப் பிறகுதான் அறிந்தேன். ஆகவே வண்டியில் ஏறுவதற்கு முன் அதன் ஆர்.சி., காப்பீடு, எஃப்.சி. எனும் தகுதிச் சான்று, பெர்மிட், புகைச் சான்று ஆகியவை நடப்பில் உள்ளனவா, அந்த எண்ணுக்குத் துறைமுக அனுமதி இருக்கிறதா என்று நீங்களே கேட்டுப் பாருங்கள்.

இனி உங்கள் பெயர். தமிழ்நாட்டு ஓட்டுநர்களின் விண்ணப்பங்களில் நான் அதிகம் கண்ட குறை இதுதான். நம் ஊரில் இனிஷியல் என்பது பெயரின் முன்னாலும் வரும், பின்னாலும் வரும், சில இடங்களில் தந்தையின் முழுப் பெயராக விரிந்தும் நிற்கும். நமக்கு அது ஒரே ஆள்தான், கணினிக்கு அப்படியல்ல. லைசென்ஸ், ஆதார், காவல் துறைச் சான்று மூன்றிலும் பெயர் எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருந்தால் விண்ணப்பம் நிற்காது. உங்கள் பள்ளிச் சான்றிதழிலும் வங்கிப் புத்தகத்திலும் எந்த வடிவம் இருக்கிறது என்று பாருங்கள். அதுவே உங்கள் நிலையான பெயராக இருக்கட்டும். ஆதாரில் பெயரை வாழ்நாளில் 2 முறை மட்டுமே மாற்ற முடியும் என்பதால், அவசரப்பட்டு அங்கே கை வைக்காதீர்கள். உங்களுக்கு எப்படியும் லைசென்ஸ் புதுப்பிக்க வேண்டியிருப்பதால், அந்தச் சமயத்திலேயே பெயரை ஆதாருக்கு ஏற்பத் திருத்திக்கொள்வதே எளிது என்பது என் கருத்து.

லைசென்ஸ் முடியும் வரை நீங்கள் காத்திருக்கத் தேவையில்லை. 2019-ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தத்துக்குப் பிறகு, முடியும் நாளுக்கு ஓராண்டு முன்பிருந்தே புதுப்பிக்க விண்ணப்பிக்கலாம். போக்குவரத்து வாகன உரிமம் 5 ஆண்டுகளுக்குக் கிடைக்கும். ஓட்டுநர் உரிமத்துக்கான அரசின் ‘சாரதி’ இணையதளத்தில் விண்ணப்பித்து, படிவம் 1ஏ மருத்துவச் சான்றுடன் கிருஷ்ணகிரி வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்துக்குச் செல்லுங்கள். நான்கு மாதமே மிச்சமுள்ள உரிமத்தை வைத்து இப்போதே அட்டை எடுத்தால், உரிமம் முடியும் நாளில் அந்த அட்டையால் பயன் இருக்காது, மறுபடியும் அலைய வேண்டும். ஆகவே லைசென்ஸ்தான் முதல் வேலை.

அடுத்தது காவல் துறைச் சரிபார்ப்பு. உங்கள் கேள்வியில் நான் மிகவும் கவனிக்க விரும்புவது 2019 வழக்கைத்தான். ‘அபராதம் கட்டினேன், வழக்கு முடிந்தது’ என்றுதான் நம் ஓட்டுநர்கள் சொல்கிறார்கள். நீதிமன்றத்தில் குற்றத்தை ஒப்புக்கொண்டு அபராதம் கட்டினால், சட்டத்தின் பார்வையில் அது ஒரு தண்டனை, விடுதலை அல்ல. அன்றைக்கு வேலைக்குத் திரும்ப வேண்டும் என்ற அவசரத்தில், அருகில் இருந்தவர் சொன்னபடி தலையாட்டிவிட்டு வந்த எத்தனையோ பேரை எனக்குத் தெரியும். அந்த ஒரு தலையாட்டல் பல ஆண்டுகள் கழித்துச் சரிபார்ப்பில் எழுந்து நிற்கும். எனவே உங்கள் வழக்கு எந்தப் பிரிவில் முடிந்தது என்பதைத் திட்டவட்டமாக அறிந்துகொள்ளுங்கள். விபத்து 2019-இல் நடந்ததால் பழைய இந்தியத் தண்டனைச் சட்டம்தான் பொருந்தும்: சாலையில் கவனக்குறைவாக ஓட்டியது என்றால் பிரிவு 279, காயம் ஏற்பட்டிருந்தால் 337 அல்லது 338, உயிரிழப்பு என்றால் 304ஏ. காவல் நிலையத்தின் பெயரும் எஃப்.ஐ.ஆர். எண்ணும் இருந்தால் நீதிமன்றங்களின் இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் வழக்கின் நிலையைப் பார்க்கலாம். பிறகு அந்த நீதிமன்றத்தில் நகல் மனு கொடுத்து, தீர்ப்பின் சான்றளிக்கப்பட்ட நகலையும், அபராதம் கட்டிய ரசீது இருந்தால் அதையும் எடுத்து வையுங்கள்.

இதை விண்ணப்பத்தில் மறைக்கவே மறைக்காதீர்கள். காவல் நிலையங்களின் பதிவுகள் இப்போது கணினியில் இணைக்கப்பட்டிருக்கின்றன. தர்மபுரி மாவட்ட வழக்கு கிருஷ்ணகிரியில் தெரியாது என்ற காலம் போய்விட்டது. அட்டை தருவதா இல்லையா என்ற முடிவு துறைமுக நிர்வாகத்தின் கையில் இருக்கிறது. ஆனால் முடிந்துபோன ஒரு விபத்து வழக்கை, தீர்ப்பு நகலோடு நேர்மையாகச் சொல்லும் ஓட்டுநருக்கும், ‘வழக்கு எதுவும் இல்லை’ என்று எழுதிப் பொய்யில் சிக்கிக்கொள்பவருக்கும் உள்ள வித்தியாசம் பெரிது. பின்னவர் இழப்பது ஒரு அட்டையை மட்டுமல்ல, அவருக்காகக் கையெழுத்திட்ட நிறுவனத்தின் நம்பிக்கையையும்தான்.

சரிபார்ப்புக்குத் தமிழ்நாடு காவல் துறையின் இணையதளத்தில் நீங்களே விண்ணப்பித்துக் கட்டணம் செலுத்தலாம். இணையப் பழக்கம் இல்லையென்றால் விவரம் தெரிந்த ஒருவரைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள், ஆனால் கைப்பேசி எண் உங்களுடையதாகவே இருக்கட்டும். நீங்கள் உண்மையில் குடியிருக்கும் முகவரியைக் கொடுங்கள். காவலர் விசாரிக்க வரும்போது வீட்டில் பெற்றோரோ மனைவியோ விவரம் தெரிந்து பதில் சொல்லும்படி முன்கூட்டியே சொல்லி வையுங்கள்; லோடு ஏற்றிக்கொண்டு நீங்கள் வெளியூரில் இருக்கும் நாளில்தான் அவர் வருவார். ஆள் அந்த முகவரியில் இல்லை என்று ஒரு வரி எழுதப்பட்டுவிட்டால், அதை மாற்றுவது புதிதாக விண்ணப்பிப்பதைவிடக் கடினம்.

தரகரைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். இரண்டு நாளில் முடியும் என்று ஒருவர் சொன்னால், சரிபார்ப்பைத் தவிர்த்துவிடுவேன் என்பதுதான் அதன் பொருள். போலிச் சான்று கண்டுபிடிக்கப்பட்டால் குற்ற வழக்கு அட்டையில் படம் உள்ளவர் மீதுதான் வரும், வாங்கித் தந்தவர் மீது வருவது அபூர்வம். ஆதார் நகலையும் ஓ.டி.பி.யையும் அவரிடம் கொடுத்திருந்தால் இன்றே அந்தப் பேச்சை முறித்துக்கொள்ளுங்கள்.

அட்டை கைக்கு வந்தபின் முதல் பயணத்தில், கண்டெய்னரைத் துறைமுகத்துக்குள் கொண்டு செல்வதற்கான ஆவணமான ஃபார்ம் 13-இல் உள்ள வண்டி எண்ணும் கண்டெய்னர் எண்ணும் சீல் எண்ணும் கண்ணெதிரே இருப்பவற்றோடு பொருந்துகின்றனவா என்று தொழிற்சாலை வாசலிலேயே, வண்டியைக் கிளப்பும் முன், விரலை வைத்துப் படித்துப் பாருங்கள். கிளீனர் உடன் வந்தால் அவருக்கும் தனி அனுமதி வேண்டும். இல்லாவிட்டால் அவர் வெளியில்தான் காத்திருக்க வேண்டும். பாதுகாப்புக் காலணி, தலைக்கவசம், ஒளிரும் மேலாடை ஆகியவற்றை உரிமையாளரிடம் கேட்டு வாங்குங்கள். பீடி, தீப்பெட்டி எதுவும் வேண்டாம். உள்ளே கைப்பேசியில் படம் எடுக்க வேண்டாம். அட்டையை ஒரு நாளைக்குக்கூட இன்னொருவருக்குக் கொடுக்காதீர்கள், அவர் உங்கள் உடன்பிறந்த தம்பியாக இருந்தாலும் சரி. தொலைந்தால் அன்றே காவல் நிலையத்திலும் நிறுவனத்திலும் எழுத்து மூலம் தெரிவியுங்கள். இந்த டிரான்ஸ்போர்ட்டை விட்டு வேறு இடத்துக்குப் போகும்போது பழைய அட்டையை ஒப்படைத்து, ஒப்படைத்ததற்கான ஒப்புதல் கையெழுத்தை வாங்கிக்கொண்டு, புதிய நிறுவனத்தின் பெயரில் மீண்டும் விண்ணப்பியுங்கள்.