ஓசையில்லா மந்திரம்

கேள்வி: என் மாயாஜாலத் தொடர்கதையில் மந்திரம் என்பது வாயசைவு மட்டும்தான்; சத்தமே வராது. நம்பும்படி அமைப்பது எப்படி?
– வாசகர், ஈரோடு

பதில்: கண்ணாடி முன் நின்று, குரல் எழுப்பாமல் ‘பணம்’, ‘மணம்’ என்று சொல்லிப் பாருங்கள். உதடுகள் ஒரே மாதிரிதான் மூடித் திறக்கும். ப, ம இரண்டும் இதழ் இயைந்து பிறப்பவை. மூக்கு வழி வரும் ஓசைதான் ம-வைப் பிரித்துக் காட்டுகிறது. சத்தம் போனால் அதுவும் போச்சு. பணம் கேட்டவனுக்கு மல்லிகை மணம் வந்து சேரலாம்! இந்தக் குழப்பத்தையே கதையின் ஆபத்தாக வையுங்கள். ரகசிய மந்திரத்துக்குக் க, ங ஏற்றவை: அடிநா மேலண்ணத்தைத் தொடுவது வெளியே தெரியாது, எதிரி உதட்டைப் பார்த்துத் திருட முடியாது. எழுத்தில் காட்ட (ப்) என்று அடைப்புக்குறி போடுங்கள். பேச்சுக் குறைபாடுகளைப் பதிவுசெய்யும் ஒலியியலார் ஓசையற்ற அசைவை அப்படித்தான் குறிக்கிறார்கள். மூன்று அசைவுக்கு மேல் நீட்டினால் படிப்பவர் மனதில் நிற்காது.