ராம்சே தெருவிலிருந்து ஹாலிவுட்டுக்கு: வாசகர் கேள்விகள்

கேள்வி: ஹாலிவுட் நடிகை மார்கோ ராபி சீரியலில் நடித்தவராமே, உண்மையா?

பதில்: உண்மைதான். பதினேழு வயதில் குயின்ஸ்லாந்திலிருந்து மெல்போர்னுக்கு வந்து, 2008-இல் 'நெய்பர்ஸ்' என்ற ஆஸ்திரேலிய சீரியலில் நுழைந்தார். தலைப்பில் உள்ள ராம்சே தெரு, அதன் கதை நடக்கும் கற்பனைத் தெரு. டோனா என்ற அந்தப் பாத்திரம் முதலில் கொஞ்ச நாளைக்குத்தான் என்று இருந்தது, அப்புறம் நிரந்தரமாகிவிட்டது. தொடரில் இருந்தபோதே சம்பளத்தில் பணம் சேர்த்து, தனிப் பயிற்சியாளர் வைத்து அமெரிக்க உச்சரிப்பைப் பழகிக்கொண்டார். 2011-இல் வெளியேறிய அதே ஆண்டு 'பான் ஆம்' என்ற அமெரிக்கத் தொடரில் இடம் கிடைத்தது. அது ஒரே சீசனில் நின்றுபோனது. மார்ட்டின் ஸ்கார்செஸியின் 'வுல்ஃப் ஆஃப் வால் ஸ்ட்ரீட்' வந்தது 2013-இல். பலர் இதை அதிர்ஷ்டம் என்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. அவர் எல்லாவற்றையும் திட்டமிட்டுச் செய்தார்.

கேள்வி: சீரியல் நடிப்பு சினிமாவுக்கு உதவுமா, கெடுக்குமா?

பதில்: இரண்டும் உண்டு. 'நெய்பர்ஸ்' பல வருடம் வாரத்துக்கு ஐந்து எபிசோடு ஓடிய தொடர். ஒரே நாளில் பல காட்சிகள், கதை வரிசைப்படி இல்லாமல் எடுப்பார்கள். காலையில் கல்யாணச் சண்டை, மதியம் அதற்கு முந்தைய வாரத்துக் காதல். வசனம் முதல் டேக்கிலேயே சுத்தமாக வர வேண்டும். மூன்றாவது டேக் வரை போனால் எல்லோர் முகமும் மாறிவிடும். இந்தப் பழக்கம் உள்ளவருக்கு எந்த செட்டிலும் பதற்றம் வராது. கை பியர்ஸ், ஹீத் லெட்ஜர், நவோமி வாட்ஸ், கிறிஸ் ஹெம்ஸ்வொர்த் என்று ஆஸ்திரேலிய சீரியல்களைத் தாண்டிப் போனவர்களின் பட்டியல் நீளமாக இருக்க இதுவும் ஒரு காரணம் என்பது என் உறுதியான கருத்து.

கெடுதல் எங்கே என்றால், காட்சி முடியும் இடத்தில். விளம்பர இடைவேளைக்கு முன் கேமரா முகத்தில் நிற்கும். நடிகர் அதிர்ச்சியைக் கலைக்காமல் அப்படியே பிடித்து வைத்திருப்பார். சினிமா ஆடிஷனில் அதே பார்வை எட்டிப்பார்த்தால் காரியம் கெட்டுவிடும்.

கேள்வி: ஆஸ்திரேலியர்களுக்கு அமெரிக்க விசா சுலபம் என்கிறார்களே?

பதில்: அவர்கள் சொல்வது இ-3 விசாவை. வருடத்துக்கு 10,500 இடங்கள், ஆஸ்திரேலியர்களுக்கு மட்டும். ஆனால் அது பட்டப்படிப்பு தேவைப்படும் வேலைகளுக்கானது. நடிகர்கள் பெரும்பாலும் போவது அசாதாரணத் திறமை உள்ளவர்களுக்கான ஓ-1 விசா வழியில்: விருதுகள், பத்திரிகைச் செய்திகள், முக்கிய வேடங்கள் எல்லாவற்றையும் ஆதாரமாகக் காட்ட வேண்டும். ஆகவே சீரியலில் இருக்கும்போதே ஒவ்வொரு பேட்டியையும் கத்தரித்து வைத்துக்கொள்வது நல்லது.

கேள்வி: முதலில் லண்டனா, லாஸ் ஏஞ்சல்ஸா?

பதில்: முகம் ஏற்கெனவே தெரிந்த ஊர் லண்டன். பிபிசி 1986-இலிருந்து 'நெய்பர்ஸ்' ஒளிபரப்பியது; 1988-இல் அந்தத் தொடரின் ஸ்காட், சார்லீன் பாத்திரங்களின் கல்யாணத்தை பிரிட்டனில் ஏறக்குறைய 2 கோடிப் பேர் பார்த்தார்கள். மணமகளாக நடித்த கைலி மினோக் பாட்டில் பெரிய ஆளானார். மணமகன் ஜேசன் டோனவன் 1991-இல் லண்டன் பல்லேடியம் அரங்கில் 'ஜோசப்' இசை நாடகத்தின் நாயகனாக நின்றார். சின்ன நடிகர்களுக்கும் கிறிஸ்துமஸ் நேரத்தில் குடும்பங்களுக்காகப் போடும் பாண்டோமைம் என்ற வேடிக்கை நாடகங்களில் வேலை கிடைத்தது. லாஸ் ஏஞ்சல்ஸில் இந்தப் புகழ் செல்லாது, அங்கே புதுமுகம்தான்.

கேள்வி: உச்சரிப்பை மாற்றியே ஆக வேண்டுமா?

பதில்: 'நெய்பர்ஸ்' தொடரில் நடித்துவிட்டு அமெரிக்காவுக்குப் போன ஜெஸ்ஸி ஸ்பென்சரைப் பாருங்கள். 'ஹவுஸ்' என்ற அமெரிக்கத் தொடரில் டாக்டர் சேஸாக வந்து ஆஸ்திரேலியராகவே பேசினார். அடுத்து வந்த 'சிகாகோ ஃபயர்' தொடரில் அசல் அமெரிக்கத் தீயணைப்பு வீரராகவே பேசி நடித்தார். இரண்டு உச்சரிப்பும் கையில் இருந்தால் வேலை இரட்டிப்பாகும்.

கேள்வி: வயது தாண்டிவிட்டால் வாய்ப்பே இல்லையா?

பதில்: ஆலன் டேல் நியூசிலாந்தில் பிறந்தவர், 'நெய்பர்ஸ்' தொடரில் எட்டு ஆண்டுகள் ஜிம் ராபின்சன். அமெரிக்காவுக்குப் போனது ஐம்பது வயதைக் கடந்த பிறகு. 'தி ஓ.சி.', 'லாஸ்ட்', 'அக்லி பெட்டி' என்று பணக்கார, அதிகார மனிதர்களாக அடுத்தடுத்து வந்தார். அந்த வயதுக்காரர்கள் தேவைப்படும் வேடங்கள் அங்கே நிறைய எழுதப்படுகின்றன, போட்டி மட்டும் கடுமை.