பழைய படச்சுருள்களை ஏன் குளிர் அறையில் வைக்கிறார்கள்? டிஜிட்டலாக மாற்றினால் போதாதா?

திரைப்படப் பாதுகாப்பு என்பது, படம் பதிவான மூலச்சுருளைக் கெடாமல் காத்து, அதிலிருந்து பிரதி எடுத்து மக்களுக்குத் திரையிடுவது.

சுருள் தானாகவே கெடும் என்பதுதான் சிக்கல். 1950களின் தொடக்கம்வரை திரையரங்குப் படங்கள் பெரும்பாலும் நைட்ரேட் சுருளில்தான் வந்தன. அது எரியும்போது தனக்கு வேண்டிய ஆக்சிஜனைத் தானே வெளியிடும். தண்ணீருக்குள் அமிழ்த்தினாலும் அணையாது. பிறகு வந்த அசிடேட் சுருளில் தீ அபாயம் குறைவு. ஆனால் வெப்பமும் ஈரமும் பட்டால் அதிலிருந்து அசிட்டிக் அமிலம் கசியும். பெட்டியைத் திறந்தாலே வினிகர் வாடை அடிக்கும். (அந்த வாடை வந்துவிட்டால் அந்தச் சுருளை மற்றவற்றிலிருந்து உடனே பிரித்துவிட வேண்டும்.) கசிந்த அமிலமே சிதைவை இன்னும் விரைவாக்கும். சுருள் சுருங்கி நெளிந்து, ஓரத் துளைகள் புரொஜெக்டரின் பற்களில் பொருந்தாமல் போகும். தொடங்கிய சிதைவைத் திருப்ப முடியாது. குளிர்ந்த, உலர்ந்த அறையில் வைத்துத் தாமதப்படுத்தலாம், அவ்வளவுதான். வண்ணங்கள் மங்குவதும் அங்கே மெதுவாகும்.

வீட்டுப் பத்திரத்தை நினைத்துக்கொள்ளுங்கள். மூலப் பத்திரம் பூட்டிய பெட்டியில் இருக்கும், கேட்பவருக்கு ஜெராக்ஸ்தான் போகும். காப்பகமும் அப்படித்தான். ஒவ்வொரு முறை ஓட்டும்போதும் சுருளில் கீறல் விழும் என்பதால் பார்வையாளர்களுக்குப் பிரதிதான் திரையிடப்படும்.

ஸ்கேன் செய்துவிட்டால் சுருளைத் தூக்கி எறியலாம் என்று பலர் நினைக்கிறார்கள். அது தவறு: ஹார்ட் டிஸ்க் சில ஆண்டுகளிலேயே பழுதாகலாம், கோப்பு வடிவங்களும் வழக்கொழியும், நாளை இதைவிட நல்ல ஸ்கேனர் வரும்போது மீண்டும் எடுக்க அந்தச் சுருள்தான் வேண்டும்.