கோலியும் கோலும்

மதிப்பிற்குரிய அம்மா,

நான் ஓய்வுபெற்ற தமிழாசிரியன். சென்ற மாதம் எங்கள் வீட்டுக் கிணற்று நீரைச் சோதனைக்குக் கொடுத்திருந்தோம். வந்த அறிக்கையின் கடைசி வரியில் 'இ.கோலி: உள்ளது' என்று இருந்தது. மகனிடம் கேட்டேன். அது ஒரு பாக்டீரியா, முழுப்பெயர் எஷெரிக்கியா கோலி, பார்க்கக் குச்சிபோல இருக்கும் என்றான். பாக்டீரியா என்ற சொல்லுக்கே கிரேக்க மொழியில் கோல் என்று பொருள் எனப் படித்த நினைவு எனக்கு உண்டு. அப்படியானால், கோல் வடிவ உயிருக்குக் 'கோலி' என்று பெயர் அமைந்தது நம் 'கோல்' என்னும் சொல் அங்கே போய்ச் சேர்ந்ததால்தானே? அடுத்து, இதைப் 'பெருங்குடல் கோலுயிரி' என்று தமிழிலேயே எழுதினால் என்ன? கடைசியாக, நாளிதழ்களில் இ.கோலி, ஈகோலை, இ-கோலை என்று பலவிதமாகப் பார்க்கிறேன். எது சரி?

ஒரு வாசகர், கும்பகோணம்

மதிப்பிற்குரிய ஐயா,

உங்கள் ஊகத்தில் ஒரு பாதி சரி. 'பாக்டீரியா' என்பதற்குக் கோல் என்பதே மூலப்பொருள். கைத்தடியைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லிலிருந்து, 19ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் ஜெர்மானிய அறிஞர் கிறிஸ்டியன் எரன்பெர்க் அதை எடுத்தாண்டார். நுண்ணோக்கியில் அவர் கண்ட உயிர்கள் சிறு தடிகளைப் போல இருந்தன. 'பாசில்லஸ்' என்னும் லத்தீன் சொல்லுக்கும் சிறு கோல் என்றுதான் பொருள். ஆனால் நீங்கள் தேடும் கோல், 'கோலி'யில் இல்லை.

உங்களுக்கு நான் வேற்றுமை சொல்லித்தர வேண்டியதில்லை என்பதால் இதை விளக்குவது எனக்கு எளிது. பெருங்குடலுக்குக் கிரேக்கத்தில் 'கோலன்' என்று பெயர். லத்தீன் அதை வாங்கிக்கொண்டது. லத்தீனில் அச்சொல் ஆறாம் வேற்றுமை ஏற்கும்போது 'கோலி' என்று ஆகும். ஆகவே 'கோலி' என்பது ஒரு பொருளின் பெயரே அன்று. 'பெருங்குடலின்' அல்லது 'பெருங்குடலுக்கு உரிய' என்று வேற்றுமை ஏற்று நிற்கும் சொல். இறுதியில் உள்ள இகரம் உருபு. அதை நீக்கிவிட்டு எஞ்சும் பகுதியைத் தமிழ்க் கோலோடு ஒப்பிட்டால் ஒலி பொருந்தும், பொருள் பொருந்தாது; அங்கே அது குடல், இங்கே அது தடி.

இது என் வாதம் மட்டுமன்று, சோதித்துப் பார்க்கவும் வழி இருக்கிறது. எண்டமீபா கோலி என்று ஓர் அமீபா உண்டு. நிலையான உருவமே இல்லாதது. எந்தக் கோணத்தில் பார்த்தாலும் அதைக் கோல் என்று சொல்ல முடியாது. அது மனிதப் பெருங்குடலில், பெரும்பாலும் எந்தத் தீங்கும் செய்யாமல், வாழ்கிறது. அதனால் அதுவும் 'கோலி'. காம்பைலோபாக்டர் கோலி என்று இன்னொன்று உண்டு. இதில் ஒரு கோல் இருக்கத்தான் செய்கிறது, ஆனால் அது முன்பெயரின் 'பாக்டர்' என்னும் துண்டில் இருக்கிறது. 'காம்பைலோ' என்றால் வளைந்த. 'காம்பைலோபாக்டர்' என்றால் வளைகோல். 'கோலி' என்பது வழக்கம்போலக் குடல். எஷெரிக்கியா கோலி உண்மையிலேயே கோல் வடிவம் கொண்டது என்பதும், அதன் பெயரில் 'கோல்' என்று நம் காதில் விழுவதும் தற்செயலாக ஒன்றுசேர்ந்தவை. இத்தகைய தற்செயல்கள்தாம் சொல்லாராய்ச்சியில் மிகவும் ஏமாற்றுபவை. பொருளும் ஒலியும் இரண்டுமே பொருந்துவதுபோலத் தோன்றும்போது சந்தேகப்பட யாருக்கும் மனம் வருவதில்லை.

முன்பெயருக்கு வருகிறேன். தியோடோர் எஷெரிஷ் 1857இல் பவேரியாவில் பிறந்த குழந்தை மருத்துவர். பிறந்த குழந்தையின் குடலில் கிருமிகள் எப்போது, எவ்வாறு குடியேறுகின்றன என்பதை அறிய, மியூனிக் நகரில் பச்சிளங்குழந்தைகளின் மலத்தை நாள்தோறும் எடுத்து ஆராய்ந்தார். குழந்தையின் முதல் மலம் கரும்பச்சையாக, பிசின்போல இருக்கும் அல்லவா, அங்கிருந்து தொடங்கினார். 1885இல் அவர் விவரித்தவற்றுள் ஒன்று குட்டையான, மெல்லிய கோல் வடிவக் கிருமி. அதற்கு அவர் இட்ட பெயர் 'பாக்டீரியம் கோலி கம்யூனே', அதாவது பெருங்குடலில் பொதுவாகக் காணப்படும் கோலுயிர். தன் பெயரை அவர் சூட்டிக்கொள்ளவில்லை. அப்படிச் செய்வது இத்துறையில் மரபும் அன்று.

அவர் பெயரைச் சூட்டியவர்கள் இருவர்: இத்தாலியரான ஆல்டோ காஸ்டெல்லானி, ஆங்கிலேயரான ஆல்பர்ட் சால்மர்ஸ். இருவரும் இணைந்து எழுதிய வெப்பமண்டல மருத்துவ நூலின் 1919ஆம் ஆண்டுப் பதிப்பில் 'எஷெரிக்கியா' என்னும் பேரினப் பெயர் வருகிறது. அப்போது எஷெரிஷ் இறந்து 8 ஆண்டுகள் ஆகியிருந்தன. தமிழ் வாசகர் தெரிந்துகொள்ள வேண்டிய செய்தி, இவ்விருவரும் ஒன்றாகப் பணியாற்றிய இடம் கொழும்பு என்பதுதான். காஸ்டெல்லானி அங்கே 1903 முதல் ஆய்வுக்கூடம் நடத்தினார். சால்மர்ஸ் கொழும்பு மருத்துவக் கல்லூரியின் பதிவாளராக இருந்தார். இலங்கையில் 'பறங்கி' என்று அழைக்கப்பட்ட தோல்நோயின் கிருமியை 1905இல் காஸ்டெல்லானி கண்டறிந்ததும் அங்கேதான். திருகு வடிவில் இழைபோல இருந்த அதற்கு அவர் 'மிக மெலிந்தது' என்று பொருள்படும் லத்தீன் பெயரை வைத்தார். ஆகவே எஷெரிக்கியாவில் கோல் வழியாகத் தமிழ்த் தொடர்பு இல்லாவிட்டாலும், கொழும்பு வழியாக நம் பக்கத்துக் கரைத் தொடர்பு ஒன்று இருக்கிறது. உங்களுக்கு அது ஆறுதல் ஆகுமா என்று தெரியவில்லை.

'பெருங்குடல் கோலுயிரி' என்னும் உங்கள் சொல்லாக்கம் அழகானது; விளக்கமாக எழுதும்போது நானும் அதைப் பயன்படுத்துவேன். ஆனால் அது விளக்கம்தான், பெயர் ஆகாது. பெருங்குடலில் வாழும் கோல் வடிவ உயிரினங்கள் பல; எஷெரிக்கியா அங்கே சிறுபான்மை. உங்கள் சொல் அத்தனைக்கும் பொருந்தும். பாக்டீரியாக்களுக்குப் பெயரிடும் சர்வதேச விதித்தொகுப்பு தன் அடிப்படைக் கொள்கைகளில் ஒன்றாக இதைச் சொல்கிறது: பெயரின் முதன்மை நோக்கம் ஓர் இனத்தைச் சுட்டுவது, அதன் இயல்பையோ வரலாற்றையோ சொல்வது அன்று. நம் இலக்கண மொழியில் சொன்னால், காரணப்பெயராகப் பிறந்தாலும் பிறந்த மறுகணமே அது இடுகுறிப்பெயராக நடத்தப்படும். கருப்பசாமி என்று பெயர் கொண்டவர் சிவப்பாக இருக்கிறார் என்பதற்காக யாரும் அவருடைய குடும்ப அட்டையைத் திருத்துவதில்லை.

அப்படித் திருத்தப்படாமல் நிற்கும் பெயர் ஒன்றைச் சொல்கிறேன். 1892இல் ரிச்சர்ட் பைஃபர் என்னும் ஜெர்மானியர் இன்ஃபுளுவென்சா நோயாளிகளின் சளியில் ஒரு பாக்டீரியாவைக் கண்டு, நோய்க்குக் காரணம் அதுவே என்று அறிவித்தார். இன்ஃபுளுவென்சாவை உண்டாக்குவது வைரஸ் என்பது 1933இல்தான் உறுதியானது. ஆனால் அந்த பாக்டீரியாவின் பெயர் இன்றும் ஹீமோஃபிலஸ் இன்ஃபுளுவென்சே. முதற்பெயருக்குக் குருதி விரும்பி என்று பொருள், ஏனென்றால் ஆய்வுக்கூடத்தில் அதை வளர்க்க இரத்தம் கலந்த ஊட்டம் வேண்டும். பின்பெயர் மீண்டும் ஆறாம் வேற்றுமை: 'இன்ஃபுளுவென்சாவின்'. அதாவது, இல்லாத உறவை உரிமை கொண்டாடும் ஒரு வேற்றுமை உருபு. 2011 டிசம்பரில் தமிழ்நாட்டிலும் கேரளத்திலும் அறிமுகமான ஐந்து நோய்த் தடுப்பூசியில் இக்கிருமிக்கு எதிரான மருந்தும் அடக்கம். குழந்தைக்கு 6, 10, 14 வாரங்களில் அதைப் போடுகிறார்கள். 'ஃப்ளூவுக்கும் சேர்த்துப் போட்டாயிற்று' என்று சில தாய்மார்கள் நம்பிக்கையோடு சொல்வதை நான் கேட்டிருக்கிறேன். அது மூளை உறைக் காய்ச்சலையும் நிமோனியாவையும் தடுப்பதற்கானது. பெயரின் பொருளை மட்டும் பார்த்து முடிவுக்கு வந்தால் இப்படித்தான் ஆகும்.

மாமரத்திற்கு அறிவியல் பெயர் ஒன்று இருந்தாலும் மா என்னும் நம் சொல் அப்படியே இருக்கிறதே என்று நீங்கள் கேட்கலாம். மாமரத்தை நம் முன்னோர் பார்த்தார்கள். எஷெரிக்கியாவைப் பார்க்கவில்லை, 500 எண்ணிக்கையை வரிசையாகக் கிடத்தினால் ஒரு மில்லிமீட்டர் வரும் அளவினது அது. வயிற்றுக்கடுப்புக்கும் சீதபேதிக்கும் கழிச்சலுக்கும் தமிழில் பெயர் உண்டு, அவை கண்டவை, பட்டவை. அவற்றை விளைவித்த கிருமிகளுக்கு எந்த மொழியிலும் நாட்டுப்பெயர் இல்லை. ஆகவே எதையும் இழந்துவிட்டு நாம் இந்தப் பெயரை வாங்கவில்லை.

எழுதும் முறை பற்றி. ரோமன் எழுத்தில் பேரினப் பெயரின் முதலெழுத்து பெரியதாகவும், சிற்றினப் பெயர் முழுவதும் சிறிய எழுத்தாகவும், இரண்டும் சாய்வெழுத்திலும் வர வேண்டும். தமிழில் பெரிய எழுத்து கிடையாது. சாய்த்து அச்சிட்டால் நம் எழுத்து விழப்போவதுபோல இருக்கும், நான் அதை விரும்புவதில்லை. இரு சொற்களுக்கும் நடுவே இடம் விட்டு, சந்தி சேர்க்காமல் எழுதினால் போதும். 'கோலி' என்பது லத்தீன் ஒலிப்பு, 'கோலை' என்பது ஆங்கில வாய். ஆய்வுக்கூடத்தில் எல்லோரும் 'ஈகோலை' என்றுதான் சொல்கிறோம், நானும் அப்படித்தான் சொல்வேன். எழுத்தில் மட்டும் 'கோலி' என்று எழுதுகிறேன். முதல் முறை 'எஷெரிக்கியா கோலி' என்று முழுவதுமாக, பிறகு புள்ளி வைத்து 'இ. கோலி'. முறைப்படி 'எ. கோலி' என்று இருக்க வேண்டும், ஆனால் ஆங்கில எழுத்தின் பெயரால் சுருக்குவது ஊன்றிவிட்டது, அதோடு மல்லுக்கட்ட வேண்டியதில்லை. புள்ளி இல்லாமல் நெடிலில் 'ஈ கோலி' என்று எழுதுவதை மட்டும் தவிர்த்துவிடுங்கள். ஈயால் பரவும் ஏதோ ஒன்று என்று படிப்பவர் நினைத்துக்கொள்வார்.

முழுப்பெயர் ஒருமுறையேனும் வேண்டும் என்று நான் வற்புறுத்தக் காரணம் உண்டு. எண்டமீபா கோலியைச் சுருக்கினாலும் அதே ஆங்கில எழுத்து, அதே 'இ. கோலி'தான். சில ஆண்டுகளுக்கு முன் எங்கள் தெருவில் ஒரு பெண்மணி மகனின் மலப் பரிசோதனைத் தாளோடு கலங்கிப்போய் வந்தார். 'இ. கோலி சிஸ்ட்' என்று அதில் இருந்தது; கைப்பேசியில் தேடிவிட்டு, சிறுநீரகத்தையே கெடுக்கும் கிருமி என்று பயந்திருந்தார். சிஸ்ட் என்றால் அமீபா தன்னைச் சுற்றிப் போட்டுக்கொள்ளும் கூடு. எஷெரிக்கியாவுக்கு அது கிடையாது. அந்த ஒரு சொல்லைச் சுட்டிக்காட்டிய பிறகுதான் அவர் உட்கார்ந்தார்.

அவர் தேடிப் படித்ததும் பொய்யன்று. இ. கோலி என்னும் பெயரின் கீழே பல குடிகள், அதாவது ஒரே இனத்துக்குள் அடங்கும் கிளைவகைகள், உள்ளன. 1922இல் அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்டில் ஒரு நோயாளியிடமிருந்து பிரிக்கப்பட்ட கே-12 என்னும் குடி, உலகெங்கும் ஆய்வுக்கூடங்களில் சாதுவாக வளர்கிறது. ஓ157:எச்7 என்பதோ, 1982இல் அமெரிக்காவில் சரியாக வேகாத மாட்டிறைச்சி வழியாகப் பரவி இரத்தக் கழிச்சலை உண்டாக்கியபோது அறியப்பட்டது. சிறுநீரகத்தைத் தாக்கக்கூடியவற்றுள் இந்த வகையும் ஒன்று. அந்த எச் என்னும் எழுத்து, மூச்சுக்காற்று எனப் பொருள்படும் 'ஹௌக்' என்னும் ஜெர்மன் சொல்லின் முதலெழுத்து. புரோட்டியஸ் என்னும் வேறொரு பாக்டீரியா நீந்திப் பரவும்போது, கண்ணாடியில் ஊதினால் படிவதுபோன்ற மெல்லிய ஏடு ஒன்று வளர்தட்டின் மேல் படியும். அப்படிப் படிவது எச். படியாதது ஓ, 'ஹௌக் இல்லாமல்' என்னும் தொடரின் முதலெழுத்து. இன்று எச் நீந்தும் கசையிழையையும் ஓ செல்லின் வெளிப்பூச்சையும் குறிக்கின்றன. பெயரின் பொருள் மறைந்தும் பெயர் வேலை செய்வதற்கு எனக்கு மிகவும் பிடித்த எடுத்துக்காட்டு இது.

இனி உங்கள் கிணறு. இங்கே மட்டும் பெயரின் பொருளை அப்படியே எடுத்துக்கொள்ளலாம். குடிநீருக்கான இந்தியத் தரமான ஐஎஸ் 10500, எந்த 100 மில்லி நீரிலும் இ. கோலி தென்படக் கூடாது என்கிறது. அதன் எல்லாக் குடிகளும் நோய் தருபவை என்பது இதற்குக் காரணமன்று. மனிதர் மற்றும் வெப்பக்குருதி விலங்குகளின் குடலே அதன் வாழிடம். வெளியே அது பெரும்பாலும் நெடுநாள் தாக்குப்பிடிப்பதில்லை. ஆகவே அது நீரில் இருக்கிறது என்றால், அண்மையில் மலம் அந்த நீரில் கலந்திருக்கிறது. மலம் வந்த வழியில் டைபாய்டும் காலராவும் மஞ்சள் காமாலையும் வரலாம். உங்கள் அறிக்கையின் கடைசி வரி, 'பெருங்குடலின்' ஏதோ ஒன்று கிணற்றுக்குள் வந்திருக்கிறது என்று ஆறாம் வேற்றுமையில் சொல்கிறது. கழிவுநீர்த் தொட்டி, உங்களுடையதோ அடுத்த வீட்டினுடையதோ, கிணற்றிலிருந்து எத்தனை அடி தள்ளி இருக்கிறது, அதில் கசிவு உண்டா, மழைநீர் வழிந்து கிணற்றுக்குள் இறங்குகிறதா, உறையில் விரிசல் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். அதைச் சரிசெய்த பிறகு, விவரம் தெரிந்தவரைக் கொண்டு பிளீச்சிங் பவுடர் அளவாகக் கலக்கச் செய்து, குளோரின் வாடை அடங்கியதும் மறுபடி சோதனைக்குக் கொடுங்கள். அதுவரை குடிப்பதற்கும் பாத்திரம் அலம்புவதற்கும் கொதிக்க வைத்து ஆற்றிய நீரையே பயன்படுத்துங்கள்.