ஆடுபவரும் திரையில் ஓடும் அவருடைய படமும் ஒரே மேடையில் ஒரே நேரத்தில் தெரிய என்ன செய்ய வேண்டும்?

நடனம், நிறுவல் கலை (இன்ஸ்டலேஷன்), படம் மூன்றிலும் வேலை செய்பவர்கள் எப்படியும் வந்து முட்டிக்கொள்ளும் இடம் இது. பார்க்க வேண்டிய முன்மாதிரி அமெரிக்க நடன அமைப்பாளர் லூசிண்டா சைல்ட்ஸின் ‘டான்ஸ்’ (1979). இசை பிலிப் கிளாஸ், படம் சோல் லெவிட். மேடையின் முன்னால் மெல்லிய வலைத்துணி, அதில் கறுப்பு வெள்ளைப் படம். துணிக்குப் பின்னால் அதே அசைவுகளை நேரில் ஆடுகிறார்கள்.

அந்தத் துணிக்கு ஸ்க்ரிம் என்று பெயர். முன்பக்கம் வெளிச்சம் விழுந்தால் அது திரை, பின்னால் நிற்பவர் மேல் விழுந்தால் ஊடே தெரியும் ஜன்னல் கண்ணாடி. அதனால் ஆடுபவருக்கு முன்விளக்கு கூடவே கூடாது. துணி வெளுத்து, படமும் போய்விடும், ஆளும் மறைந்துவிடுவார். இரு பக்கத்திலிருந்தும் மட்டும் விளக்கு வையுங்கள். பின்சுவரில் கறுப்பு வெல்வெட்.

புரொஜெக்டர் ஒளி துணியின் துளைகள் வழியாகவும் போகும். நேராக வைத்தால் ஆடுபவரின் முகத்திலேயே இரண்டாவது படம் ஓடும். உயரத்தில் கட்டிச் சாய்த்துவிடுங்கள். 45 பாகையில் வரும் ஒளி, துணியில் 2 மீட்டர் உயரத்தில் நுழைந்தால் 2 மீட்டர் பின்னால் தரையைத் தொட்டுவிடும். கோணல் படத்தை கீஸ்டோனில் (புரொஜெக்டரிலேயே உள்ள கோணல் திருத்தும் வசதி) நேராக்கும்போது கொஞ்சம் பிக்சல் போகும். போகட்டும்.

பலர் சறுக்குவது அளவில்தான். படம் 4 மீட்டர் அகலம் என்றால் 16:9 கணக்கில் உயரம் 2.25 மீட்டர்தான், குதித்தால் தலை வெட்டுப்படும். 5 மீட்டர் அகலத்தில் 2.8 மீட்டர் கிடைக்கும். படத்தின் அகலமான 1920 பிக்சலை 5 மீட்டரால் வகுத்தால் மீட்டருக்கு 384. ஆக, 1.6 மீட்டர் உயரமுள்ளவர் ஆளுயரமாகத் தெரிய சுமார் 614 பிக்சல் இருக்க வேண்டும். ஆனால் அப்படியே வைத்தால் படத்திலுள்ளவர் பூதம்போல் தெரிவார்! நிஜ ஆள் துணிக்கு 2 மீட்டர் பின்னால் நிற்கிறாரே. துணியிலிருந்து 6 மீட்டர் தள்ளி உட்காருபவர் கண்ணுக்கு அவர் 6/8, அதாவது முக்கால் அளவுதான். படத்தையும் 460 பிக்சலுக்கு இறக்குங்கள். முதல் வரிசைக்கும் கடைசி வரிசைக்கும் இது பொருந்தாது. நடுவரிசையை வைத்து முடிவெடுப்பதே வழி.

படம் எடுக்கும்போது நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதை மறக்க வேண்டாம்: நொடிக்கு 25 பிரேம், ஷட்டர் 1/50 நொடி. 1/60 வைத்தால் மலிவான எல்இடி விளக்கில் பட்டை பட்டையாக ஓடும்.

இசையும் படமும் ஒரே கோப்பிலிருந்து ஓடட்டும். புரொஜெக்டர் படத்தைச் சற்றுத் தாமதித்துக் காட்டும். கைதட்டும் காட்சியை ஓடவிட்டு, எத்தனை மில்லிசெகண்ட் என்று பார்த்து ஒலியையும் அதே அளவு தள்ளுங்கள். கம்பியில்லா இணைப்பு வேண்டவே வேண்டாம்.

துணியின் அடிமடிப்பில் இரும்புக் குழாய் செருகுங்கள். இல்லாவிட்டால் ஏ.சி. காற்றுக்கு உங்கள் படமும் சேர்ந்து ஆடும்.