மூன்று லட்சத்துக்குக் கையெழுத்துப் போடலாமா?

கேள்வி: என் கணவர் கொத்தனார், வயது 34. நான்கு மாதத்துக்கு முன் கரூர் பக்கம் வேலை முடிந்து பைக்கில் திரும்பும்போது லாரி மோதி இறந்துவிட்டார். எனக்கு இரண்டு குழந்தைகள். மாமியாரும் எங்களோடுதான் இருக்கிறார். லாரி முதலாளி மூன்று லட்சம் தருகிறாராம், 'டிரைவர் மேல் தப்பில்லை' என்று எழுதித் தரச் சொல்கிறார். போஸ்ட்மார்ட்டம் நடந்த அன்று ஒருவர் வந்து, வக்கீல் வைத்து கேஸ் நடத்தித் தருகிறேன், வருவதில் முப்பது சதவீதம் வக்கீலுக்கு என்று சொல்லிச் சில தாள்களில் கையெழுத்து வாங்கிப் போனார். எங்களிடம் சம்பளச் சீட்டு எதுவும் இல்லை. மாமியார் வேறு தனக்கும் பங்கு வேண்டும் என்கிறார். நான் என்ன செய்வது?
– வாசகி, திண்டுக்கல்

பதில்: சகோதரி, முதலாளி நீட்டும் தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். லாரிக்கு இன்சூரன்ஸ் இருந்தால் நஷ்டஈடு தரவேண்டியது இன்சூரன்ஸ் கம்பெனிதான். முதலாளியின் கவலை டிரைவர் மேலுள்ள கிரிமினல் வழக்கு. அது சமரசம் பேசி முடிக்கக்கூடிய வழக்கே இல்லை. ஆனால் நீங்கள் எழுதித் தரும் அந்த ஒரு வரியை நாளைக்கு இன்சூரன்ஸ் வக்கீல் உங்களுக்கு எதிராகவே எடுத்துக் காட்டுவார்.

உங்களுக்கு என்ன வரும் என்று கணக்குப் போட்டுப் பார்ப்போம். உச்ச நீதிமன்றம் 2009-லும் 2017-லும் தந்த தீர்ப்புகளின்படிதான் விபத்து நஷ்டஈட்டு மனுக்களை விசாரிக்கும் தீர்ப்பாயங்கள் இன்று கணக்கிடுகின்றன. மாத வருமானம் 15,000 என்று ஏற்றுக்கொண்டதாக வைத்துக்கொள்வோம். சொந்தத் தொழில் செய்பவர், நாற்பது வயதுக்குள் இருப்பவர் என்பதால், வருங்கால உயர்வுக்காக 40 சதவீதம் கூடும். ஆக 21,000. அவருடைய சொந்தச் செலவுக்கு என்று கால் பங்கு கழித்தால் 15,750. வருடத்துக்கு 1,89,000. 31 முதல் 35 வயது வரை 16-ஆல் பெருக்க வேண்டும். வருவது 30,24,000 ரூபாய். இதற்கு மேல் ஈமச்செலவு, கணவரை, தகப்பனை, மகனை இழந்ததற்கான தொகைகள் என்று இரண்டு லட்சத்துக்கு மேல் சேரும். விபத்தில் உங்கள் கணவர் மேலும் பாதித் தவறு என்று முடிவானால்கூடப் பதினைந்து லட்சம் தாண்டும். முதலாளியின் மூன்று லட்சத்தை இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள்.

மாமியார் விஷயத்துக்கு வருகிறேன். மகனை நம்பி வாழ்ந்த தாய், அவரும் மனுதாரர்தான். நம்பி இருந்தவர்கள் நான்கு பேர் என்பதால்தான் கால் பங்கு கழித்தோம். மூன்று பேர் என்றால் மூன்றில் ஒரு பங்கு போய்விடும், கணக்கு 26,88,000-க்கு இறங்கிவிடும். அவரைச் சேர்ப்பதால் மொத்தத்தில் கூடுவது 3,36,000. சண்டை போடாமல் அவர் பெயரையும் மனுவில் சேருங்கள். யாருக்கு எவ்வளவு என்பதைத் தீர்ப்பாயமே பிரித்துச் சொல்லும். குழந்தைகளின் பங்கைப் பெரும்பாலும் 18 வயது வரை வங்கியில் டெபாசிட் போடச் சொல்வார்கள்.

சம்பளச் சீட்டு இல்லையே என்று பயப்பட வேண்டாம். கொத்தனாருக்கு யார் சீட்டுத் தருகிறார்கள்? 2008-இல் விபத்தில் காலை இழந்த ஒரு காய்கறி வியாபாரிக்கு, வருமானச் சான்று இல்லாதபோதும் மாதம் 6,500 என்று உச்ச நீதிமன்றம் எடுத்துக்கொண்டது. கூட வேலை பார்த்த மேஸ்திரியைச் சாட்சியாகக் கூப்பிடுங்கள். பாஸ்புக், ஜிபே வரவு, கட்டுமானத் தொழிலாளர் நல வாரிய அட்டை, எல்லாம் உதவும். வாரியத்தில் பதிந்திருந்தால் அங்கேயும் தனியாக உதவித்தொகைக்கு விண்ணப்பிக்கலாம். பைக் அவர் பெயரிலேயே இருந்து, லைசென்சும் இருந்தால், அந்த பாலிசியையும் எடுத்துப் பாருங்கள். ஓட்டிவந்த உரிமையாளருக்கான 15 லட்ச ரூபாய் விபத்துக் காப்பீடு அதில் சேர்ந்திருக்கலாம். பலர் இதைக் கேட்காமலே விட்டுவிடுகிறார்கள்.

சரி, அந்த முப்பது சதவீதக்காரர். வழக்கில் வரும் பணத்தில் வக்கீல் பங்கு பேசுவதை, வக்கீல்களுக்கு விதி வகுக்கும் பார் கவுன்சிலின் விதியே தடுக்கிறது. நீங்கள் கையெழுத்துப் போட்டதில் வக்காலத்தும், அதாவது உங்களுக்காக வழக்காட வக்கீலுக்கு அதிகாரம் தரும் தாளும், இருந்திருக்கும். அதை ரத்து செய்வதாக எழுதிப் பதிவுத் தபாலில் அனுப்பிவிட்டு வேறு வக்கீல் வையுங்கள். மனு ஏற்கெனவே போட்டாகிவிட்டதா என்றும் விசாரியுங்கள். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவசமாக வக்கீல் தருகிறது மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு. திண்டுக்கல் கோர்ட் வளாகத்தில் கேட்டால் வழி சொல்வார்கள். விபத்து கரூரில் நடந்திருந்தாலும், நீங்கள் குடியிருக்கும் ஊரிலேயே வழக்குப் போடலாம்.

ஒன்றை மட்டும் தள்ளிப் போடாதீர்கள். 2022 ஏப்ரல் முதல், விபத்து நடந்து ஆறு மாதத்துக்குள் மனு போட வேண்டும் என்பது சட்டம். இதை எதிர்த்த வழக்குகள் உச்ச நீதிமன்றம் வரை போயிருக்கின்றன, ஆனால் அதை நம்பி உட்கார வேண்டாம். உங்களுக்கு இரண்டு மாதம்தான் மிச்சம். எஃப்.ஐ.ஆர்., போஸ்ட்மார்ட்டம் அறிக்கை, வாரிசுச் சான்றிதழ், குழந்தைகளின் பிறப்புச் சான்றிதழ், எல்லோருடைய ஆதார் ஆகியவற்றை எடுத்துக்கொள்ளுங்கள். லாரி இன்சூரன்ஸ் விவரத்தை ஸ்டேஷனில் கேட்டு வாங்குங்கள். வாரிசுச் சான்றிதழ் இன்னும் வரவில்லை என்றால், விண்ணப்பித்த ரசீதோடு இந்த வாரமே வக்கீலைப் பாருங்கள்.